ஒரு நடிகை, ஒரு ஆவணப்படம், நம்ம குத்தம்பாக்கம்

2015 டிசம்பர் 2, புதன்கிழமை. சென்னையில் அடையாறு வீடுகளுக்குள் ஓடிக்கொண்டிருந்த நாள். செம்பரம்பாக்கம் ஏரியிலிருந்து வினாடிக்கு 29,000 கன அடி வரை தண்ணீர் திறந்துவிட்டிருந்தார்கள், பாதி ஊரில் கரண்ட் இல்லை, போன் இல்லை, யார் எங்கே இருக்கிறார்கள் என்றே தெரியவில்லை. அதே புதன்கிழமை பாரிஸில் ஒரு ஆவணப்படம் தியேட்டர்களுக்கு வந்தது. பெயர் ‘தெமாங்’, அதாவது ‘நாளை’. ஐ.நா.வின் காலநிலை மாநாடு அந்த நகரத்தில் நடந்துகொண்டிருந்த வாரம் அது. அந்தப் படத்தின் நான்காவது பகுதியில் பிரெஞ்சு ரசிகர்கள் பார்த்த ஊர், செம்பரம்பாக்கம் ஏரிக்குப் பக்கத்திலேயே இருக்கிற குத்தம்பாக்கம்.

இந்த இரண்டு சம்பவங்களும் ஒரே நாளில் நடந்தன என்று தேதிகளைப் பார்த்துத் தெரிந்துகொண்டபோது எனக்கு என்னவோ போல ஆகிவிட்டது. சரி, அந்தப் படத்தைப் பற்றியும், அதை எடுத்த நடிகையைப் பற்றியும் தமிழில் விரிவாக எழுதியே ஆகவேண்டும் என்று அன்றைக்கே தோன்றியது.

நடிகையின் பெயர் மெலனி லோரான். நம்மில் நிறைய பேருக்கு அவரை முகம் பார்த்தால் தெரியும். குவென்டின் டாரன்டினோவின் ‘இன்குளோரியஸ் பாஸ்டர்ட்ஸ்’ (2009) படத்தில் பாரிஸில் தியேட்டர் நடத்துகிற யூதப் பெண்ணாக, நாஜித் தலைவர்களை உள்ளே உட்காரவைத்துவிட்டு பிலிம் சுருள்களைக் கொளுத்தச் சொல்லி அந்தக் கட்டடத்தையே எரிக்கிறாரே, அவர்தான். அதற்கு முன்பே 2007-இல் பிரான்சின் செசார் விருதில் நம்பிக்கையூட்டும் நடிகை என்று பரிசு வாங்கியவர். 2011-இலிருந்து கதைப்படங்களை இயக்கவும் தொடங்கியிருந்தார். ஹாலிவுட் கதவு திறந்திருந்த நேரம், வயது முப்பதைத் தொட்டுக்கொண்டிருந்தது. அந்த இடத்தில் நிற்கும் ஒரு நடிகை அடுத்து என்ன செய்வார் என்று நாம் எதிர்பார்ப்போமோ அதை விட்டுவிட்டு, சிரில் தியோன் என்ற எழுத்தாளரும் சூழல் செயல்பாட்டாளருமான நண்பருடன் சேர்ந்து விவசாயம், கரண்ட், பணம், கிராம சபை, பள்ளிக்கூடம் என்று ஒரு ஆவணப்படம் எடுக்கக் கிளம்பினார்.

காரணம் ஒரு ஆய்வுக் கட்டுரை. 2012 ஜூனில் ‘நேச்சர்’ இதழில் அந்தோணி பர்னோஸ்கி, எலிசபெத் ஹாட்லி உட்பட 22 விஞ்ஞானிகள் சேர்ந்து எழுதியது. காடு அழிவது, மக்கள்தொகை கூடுவது, வெப்பம் ஏறுவது எல்லாம் சேர்ந்து பூமியின் உயிர்ச்சூழலை ஒரு எல்லைக்குக் கொண்டுபோய்க் கொண்டிருக்கிறது, அதைத் தாண்டிவிட்டால் மாற்றம் மெதுவாக வராது, சட்டென்று வரும் என்பது அதன் சாரம். தியோன் இதை லோரானிடம் சொன்னபோது அவர் கர்ப்பமாக இருந்தார். பிறக்கப்போகிற குழந்தை எந்த உலகத்தில் வளரும் என்ற கேள்வி எந்தத் தாய்க்கும் வரும். அவருக்கும் வந்தது, அது அவரை விடவில்லை.

ஆனால் அவர்கள் இருவரும் அடுத்து எடுத்த முடிவுதான் எனக்கு முக்கியம். பயமுறுத்தும் படம் வேண்டாம் என்று முடிவு செய்தார்கள். உருகும் பனிப்பாறை, மெலிந்துபோன பனிக்கரடி, வெடித்துக் கிடக்கும் நிலம், இதையெல்லாம் மக்கள் போதும் போதும் என்கிற அளவுக்குப் பார்த்துவிட்டார்கள், பார்த்துவிட்டு டிவியை அணைத்துவிட்டுத் தூங்கப் போகிறார்கள், ஏனென்றால் அவ்வளவு பெரிய அழிவுக்கு முன்னால் தனி ஆளாக என்ன செய்வது என்று யாருக்கும் தெரிவதில்லை. அதனால் விஞ்ஞானிகளைச் சந்தித்து நிலைமை இதுதான் என்று ஆரம்பத்திலேயே சுருக்கமாகச் சொல்லிவிட்டு, மீதிப் படம் முழுக்க, ஏற்கனவே வேறு மாதிரி வாழ்ந்து காட்டிக்கொண்டிருக்கிறவர்களைத் தேடிப்போனார்கள். சுற்றுச்சூழல் படம் என்றாலே ஒப்பாரி என்று நினைக்கிறவர்களுக்கு இந்தப் படத்தை நான் தைரியமாகச் சொல்வேன்.

பணம் எங்கிருந்து வந்தது என்பதைச் சொல்லியாக வேண்டும். இணையத்தில் பொதுமக்களிடம் கேட்டார்கள். இரண்டு மாதத்தில் 2,00,000 யூரோ வேண்டும் என்று அறிவித்தார்கள். அந்தத் தொகை சில நாட்களிலேயே சேர்ந்துவிட்டது. கடைசியில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் சேர்ந்து 4,40,000 யூரோவுக்கு மேல் கொடுத்திருந்தார்கள். இங்கேதான் அந்த முகம் வேலை செய்தது என்று நினைக்கிறேன். தியோன் தனியாகக் கேட்டிருந்தால் சூழல் வட்டாரத்தில் உள்ளவர்கள் கொடுத்திருப்பார்கள். ஒரு தெரிந்த நடிகை கேட்டபோது அந்த வட்டத்துக்கு வெளியே இருப்பவர்களும் திரும்பிப் பார்த்தார்கள். படம் வந்த பிறகு பிரான்சில் மட்டும் பத்து லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் டிக்கெட் எடுத்துத் தியேட்டரில் பார்த்தார்கள். ஆவணப்படத்துக்கு! 2016-இல் சிறந்த ஆவணப்படத்துக்கான செசார் விருதும் கிடைத்தது.

திரையில் அவர் வருகிறார், ஆனால் பெரும்பாலும் கேட்டுக்கொண்டிருப்பவராக. எதிரில் இருப்பவர் பேசப் பேச அந்த முகத்தில் ஒரு ஆர்வம் தெரியும், அவ்வளவுதான். நடிப்பு என்பதில் பாதி, எதிரில் இருப்பவர் சொல்வதைக் கேட்பது என்று நாடகக்காரர்கள் சொல்வார்கள், அந்தப் பயிற்சி ஆவணப்படத்துக்கு இவ்வளவு உதவும் என்று இதைப் பார்த்துத்தான் எனக்குப் புரிந்தது.

படத்தில் எனக்குப் பிடித்த இடங்களில் ஒன்று நார்மண்டியில் பெக் எலுவான் என்ற ஊரில் இருக்கும் பண்ணை. நடத்துகிற தம்பதியில் மனைவி வக்கீலாக இருந்தவர், கணவர் கப்பலில் ஊர் ஊராகச் சுற்றியவர், இரண்டு பேருக்குமே விவசாயப் பின்னணி கிடையாது. டிராக்டர் இல்லை, எல்லாமே கையால்தான். ஒரே பாத்தியில் முள்ளங்கியும் கேரட்டும் கீரையும் சேர்த்து விதைக்கிறார்கள். முள்ளங்கி சீக்கிரம் வந்துவிடும், அதைப் பிடுங்கியதும் கீரைக்கு இடம் கிடைக்கும், கீரையை அறுத்து முடிக்கும்போது அடியில் கேரட் பருத்திருக்கும். 19-ஆம் நூற்றாண்டில் பாரிஸைச் சுற்றியிருந்த காய்கறித் தோட்டக்காரர்களின் முறையிலிருந்து எடுத்துக்கொண்டது இது. பிரான்சின் வேளாண் ஆராய்ச்சி நிறுவனம் சில வருடங்கள் கூடவே இருந்து கணக்கெடுத்து, 1,000 சதுர மீட்டரில், அதாவது நம் கணக்கில் சுமார் 25 சென்ட் நிலத்தில், ஒரு ஆள் பிழைப்புக்கான வருமானம் எடுக்க முடியும் என்று காட்டியது. 25 சென்ட்! நம் ஊரில் அதை பிளாட் போட்டு விற்பதற்கு மட்டும்தான் யோசிப்போம்.

இங்கிலாந்தில் டாட்மார்டன் என்ற சின்ன ஊர். 2008-இல் சில பெண்கள் சேர்ந்து யாரிடமும் அனுமதி கேட்காமல் பொது இடங்களில் காய்கறி நட ஆரம்பித்தார்கள், யார் வேண்டுமானாலும் பறித்துக்கொள்ளலாம் என்று. போலீஸ் ஸ்டேஷன் வாசலில்கூட சோளம் நட்டிருக்கிறார்கள். அப்புறம் சான் பிரான்சிஸ்கோவில் குப்பை எப்படி உரமாகித் திராட்சைத் தோட்டத்துக்குப் போகிறது என்று காட்டுகிறார்கள், டெட்ராய்ட்டில் கார் கம்பெனிகள் காலி செய்துவிட்டுப் போன இடங்களில் விவசாயம் நடக்கிறது. இதெல்லாம் வேகமாக வந்து போகும்.

இப்போது குத்தம்பாக்கத்துக்கு வருகிறேன்.

ஜனநாயகம் பற்றிய பகுதியில் படக்குழு முதலில் ஐஸ்லாந்து போகிறது, அப்புறம் நேராகத் தமிழ்நாடு. இளங்கோ ரங்கசாமி என்ற பெயர் உள்ளாட்சி விஷயங்களைக் கவனிப்பவர்களுக்குத் தெரிந்திருக்கும். குத்தம்பாக்கத்தில் தலித் குடும்பத்தில் பிறந்தவர், கெமிக்கல் இன்ஜினியரிங் படித்து, மத்திய அரசு ஆராய்ச்சி நிறுவனத்தில் விஞ்ஞானியாக இருந்தவர். வேலையை விட்டுவிட்டு ஊருக்குத் திரும்பி, புதிய பஞ்சாயத்துச் சட்டத்தின்படி 1996-இல் நடந்த முதல் தேர்தலில் நின்று தலைவரானார். 2001-இலும் ஜெயித்தார். சாராயமும் அடிதடியுமாக இருந்த ஊர் அது. அவர் கையில் எடுத்த முதல் ஆயுதம் கிராம சபை. நாம் ஜனவரி 26-க்கும் ஆகஸ்ட் 15-க்கும் கூட்டம் என்று பேருக்கு நடத்தி, நோட்டில் கையெழுத்து வாங்கி, மிட்டாய் கொடுத்து அனுப்பிவிடுகிறோமே, அதே கிராம சபைதான். அங்கே கணக்கை மக்கள் முன் வைத்தார், என்ன செய்யலாம் என்று அவர்களையே பேசவைத்தார்.

ஒரு கால்வாய் கதை உண்டு. கிரானைட் ஆலைகள் கழித்துப் போடும் கல்லை வாங்கி ஊருக்குக் கழிவுநீர்க் கால்வாய் கட்டினார். செலவு குறைந்தது, கால்வாய் உறுதியாக நின்றது. ஆனால் மதிப்பீட்டில் எழுதியபடி கட்டவில்லை என்று அவரைப் பதவியிலிருந்து இடைநீக்கம் செய்தார்கள். ஊர் கூடி அவர் பின்னால் நின்ற பிறகுதான் மறுபடி பதவிக்கு வந்தார். இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வரும். மிச்சம் பிடித்ததற்காக ஒருவரைத் தண்டிக்கிற விதி இருந்தால், எந்தத் தலைவர் மெனக்கெட்டு மிச்சம் பிடிப்பார்?

அப்புறம் சமத்துவபுரம். 1997-இல் கலைஞர் ஆட்சியில் அறிவித்த திட்டம், எல்லாச் சாதியினரும் ஒரே குடியிருப்பில் வாழவேண்டும் என்பதற்காக. குத்தம்பாக்கத்தில் அதை ஒரு படி மேலே கொண்டுபோனார்கள். 100 வீடுகள், எல்லாம் இரட்டை வீடுகள். ஒரு பாதியில் தலித் குடும்பம், மறு பாதியில் வேறு சாதிக் குடும்பம், நடுவில் ஒரே சுவர். சுட்ட செங்கல் இல்லை, அழுத்திச் செய்த மண்கல். அந்தச் சுவரைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். ஊர்த்தெரு வேறு, சேரி வேறு, சுடுகாடுகூட வேறு என்று இருக்கிற நாட்டில், இந்தப் பக்கம் ஆணி அடித்தால் அந்தப் பக்கம் சத்தம் கேட்கிற மாதிரி ஒரு சுவர். அந்தப் பக்கம் குழந்தை அழுதால் இந்தப் பக்கம் தூக்கம் கெடும், இந்தப் பக்கம் சண்டை வந்தால் அந்தப் பக்கத்து ஆள் வந்து கதவைத் தட்டுவார்.

சுற்றுச்சூழல் படத்தில் இது எதற்கு என்று கேட்கலாம். இதுதான் அந்தப் படத்தின் வாதமே. விவசாயத்தை மாற்ற வேண்டுமானால் எரிசக்தியைத் தொடவேண்டும், எரிசக்தியைத் தொட்டால் பணம் யார் கையில் என்ற கேள்வி வரும், பணத்தைக் கேட்டால் முடிவெடுக்கிறவர் யார் என்று வந்து நிற்கும். ஏரியையும் மேய்ச்சல் நிலத்தையும் சேர்ந்து காப்பாற்ற வேண்டியவர்கள் ஒருவரோடு ஒருவர் உட்கார்ந்து பேசவே மாட்டார்கள் என்றால் எந்த ஏரி மிஞ்சும்? இளங்கோ பல இடங்களில் சொல்வது, ஊரில் விளைகிற நெல் வெளியே போய் அரிசியாகத் திரும்பி வருகிறது, அந்த அரைவைக் காசு ஊரிலேயே தங்கினால் எத்தனை பேருக்கு வேலை கிடைக்கும் என்பது. இதை ஒரு பிரெஞ்சுப் படம் பத்து லட்சம் பேருக்குக் கொண்டுபோய்ச் சேர்த்திருக்கிறது. தமிழ்நாட்டுக்குள் எத்தனை பேருக்குத் தெரியும்?

படத்தில் காட்டிய எல்லாமே ஜெயித்துவிடவில்லை, அதையும் சொல்லிவிடுகிறேன். இங்கிலாந்தில் டாட்னெஸ் என்ற ஊரில் உள்ளூர்ப் பணம் அச்சடித்திருந்தார்கள், அங்கே அந்த முயற்சியின் பின்னால் இருந்த சூழல் செயல்பாட்டாளர் ராப் ஹாப்கின்ஸ் அதில் 21 பவுண்டு நோட்டு ஒன்றை எடுத்துச் சிரித்துக்கொண்டே காட்டுவார். அந்தப் பணம் 2019-இல் நின்றுபோனது, எல்லோரும் கார்டில் கட்ட ஆரம்பித்துவிட்டார்கள். 2025-க்குள் கார்பன் வெளியீட்டைச் சமன் செய்துவிடுவோம் என்று சொன்ன கோபன்ஹேகன், 2022-இல் அது முடியாது என்று ஒத்துக்கொண்டது. ஐஸ்லாந்தில் மக்கள் பங்கேற்று எழுதிய அரசியல் சாசனத்துக்கு 2012 வாக்கெடுப்பில் மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு கிடைத்தும் நாடாளுமன்றம் அதை நிறைவேற்றவே இல்லை. கம்பெனிகளும் அரசுகளும் எதிர்த்து நிற்கும்போது என்ன செய்வது என்பதைப் படம் போதுமான அளவு கேட்கவில்லை. நல்லவர்கள் நல்லது செய்கிறார்கள் என்று காட்டுவதில் ஒரு அலுப்பில்லாத சந்தோஷம் இருக்கிறது, ஆனால் அந்த நல்லதைத் தடுப்பவர் யார் என்ற பகுதி மெலிதாகிவிட்டது. படத்தின் மேல் எனக்கு இருக்கிற ஒரே பெரிய குறை இதுதான்.

அந்தக் குறையை இன்னொரு நடிகையின் பாதையோடு வைத்துப் பார்க்கலாம். அமெரிக்காவின் ரெபெக்கா ஹாரல் டிக்கெல். 1989-இல் வந்த ‘பிரான்சர்’ படத்தில், அடிபட்ட கலைமான் ஒன்றைக் கொட்டகையில் ஒளித்துவைத்துக் காப்பாற்றும் சின்னப் பெண்ணாக நடித்தவர். லோரான் திரும்பவும் கதைப்படங்களுக்குப் போனார், இவர் ஆவணப்படத்திலேயே தங்கிவிட்டார். கணவர் ஜோஷ் டிக்கெலுடன் சேர்ந்து எரிபொருள், எண்ணெய்க் கசிவு, மண் என்று வரிசையாகப் படங்கள்.

2010 ஏப்ரல் 20 அன்று மெக்சிகோ வளைகுடாவில் டீப்வாட்டர் ஹொரைசன் எண்ணெய்த் துரப்பண மேடை வெடித்து 11 தொழிலாளர்கள் இறந்தார்கள். கிணற்றை அடைக்க 87 நாட்கள் ஆனது. கசிந்த எண்ணெயைச் சிதறடிக்க ‘கோரெக்சிட்’ என்ற ரசாயனத்தைக் கடல் மேலேயும், கடலுக்கு அடியில் கிணற்று வாயிலேயும் சேர்த்து சுமார் 18 லட்சம் காலன் கொட்டினார்கள். எண்ணெய் மறைந்துவிட்ட மாதிரி மேலே தெரியும், ஆனால் சின்னச் சின்னத் துளிகளாகத் தண்ணீருக்குள்ளேதான் இருக்கும். லூசியானா கடற்கரைக்குப் படம் எடுக்கப் போன ரெபெக்காவுக்குத் தோலில் பாதிப்பு வந்து உடல்நிலை கெட்டது, அந்தச் சூழலில் இருந்ததுதான் காரணம் என்று அவர் சொல்கிறார். அந்தப் படம், ‘தி பிக் ஃபிக்ஸ்’, 2011-இல் கான் விழாவில் திரையிடப்பட்டது. யார் தடுக்கிறார்கள், யார் மறைக்கிறார்கள் என்பதுதான் அதன் முழுக் கேள்வியும். ‘கிஸ் தி கிரவுண்ட்’ (2020) அவர்களுடைய படங்களில் பிரபலமானது, உழாத, மூடாக்குப் போட்ட மண் காற்றிலுள்ள கார்பனை உள்ளே இழுத்துவைத்துக்கொள்ளும் என்று நட்சத்திரங்களை வைத்துச் சொன்னது. மண்ணைப் பற்றிச் சொன்னது சரிதான், ஆனால் மண் ஒன்றே காலநிலையைத் திருப்பிவிடும் என்கிற அளவுக்குப் போனது அதிகம் என்று பல விஞ்ஞானிகள் சொன்னதோடு நானும் ஒத்துப்போகிறேன்.

எண்ணெய்க் கசிவு என்றால் நமக்கு எண்ணூர் ஞாபகம் வரும். 2017 ஜனவரி 28 அன்று இரண்டு கப்பல்கள் மோதி எண்ணெய் கரைக்கு வந்தபோது, மீனவர்களும் கல்லூரிப் பிள்ளைகளும் பிளாஸ்டிக் வாளியில் அந்தக் கறுப்புக் கூழை அள்ளிக் கைமாற்றிக் கொண்டிருந்தார்கள். அந்தக் கைகளுக்கு அப்புறம் என்ன ஆனது என்று பின்தொடர்ந்து ஒருவர் படம் எடுக்க வேண்டும், வருடக்கணக்கில்.

இங்கே சுற்றுச்சூழல் ஆவணப்படம் எடுப்பவர்கள் இல்லாமல் இல்லை. கையில் இருக்கிற காசைப் போட்டு, நண்பன் கேமராவை இரவல் வாங்கி எடுக்கிறார்கள். கல்லூரி அரங்கில் ஒரு திரையிடல், ஒரு திரைப்படச் சங்கத்தில் இன்னொன்று, கடைசியில் யூடியூப். தியேட்டர் கிடைக்காது, சேனல் வாங்காது. தெரிந்த முகம் ஒன்று பக்கத்தில் நின்றால் இது மாறும் என்று நான் உறுதியாக நம்புகிறேன், ஏனென்றால் நாம் அதைப் பார்த்திருக்கிறோம். அப்துல் கலாம் சொன்னார் என்பதற்காக நடிகர் விவேக் மரம் நட ஆரம்பித்து, ஒரு கோடி என்ற இலக்கில் 33 லட்சம் மரக்கன்றுகள் வரை வந்திருந்தார். 2021 ஏப்ரலில் அவர் இறந்தபோது, யாரும் சொல்லாமலே ஊர் ஊராக ஜனங்கள் அவர் பெயரில் கன்று நட்டார்கள். சினிமாக்காரர் மேல் நம் மக்களுக்கு இருக்கிற பாசம் அவ்வளவு.

எனவே நம் நடிகைகளில் யாராவது இதைப் படித்தால், உங்களிடம் நேராகவே கேட்கிறேன். கார்பன், காலநிலை என்று பெரிதாக ஆரம்பிக்க வேண்டாம். குத்தம்பாக்கத்துக்குப் போங்கள். ‘தெமாங்’ வந்து பல வருடங்கள் ஆகிவிட்டன, கோயம்பேட்டிலிருந்து மேற்கே போகிற பஸ்களுக்கு என்று பெரிய பஸ் நிலையத்துக்கான இடமாக இன்று அந்த ஊர் பேர் பெற்றிருக்கிறது, நிலத்தின் விலை என்ன ஆகியிருக்கும் என்று சொல்லவே வேண்டாம். நகரம் வாசலுக்கு வந்துவிட்ட பிறகு அந்தக் கிராம சபையில் யார் உட்காருகிறார்கள், என்ன பேசுகிறார்கள்? இரட்டை வீடுகளில் சின்ன வயதில் சேர்ந்து விளையாடிய பிள்ளைகள் இப்போது கல்யாண வயதைத் தாண்டியிருப்பார்கள். அவர்களுடைய கல்யாணங்கள் எப்படி நடந்தன, யார் வீட்டில் யார் சாப்பிட்டார்கள்? எனக்கு உண்மையிலேயே தெரிந்துகொள்ள வேண்டும். அந்தச் சுவரின் இரண்டு பக்கத்திலும் உட்கார்ந்து பொறுமையாகக் கேட்டு வந்து சொல்ல, அவர்கள் தங்கள் வீட்டுப் பெண்ணாக நினைத்துப் பேசுகிற ஒரு முகம் வேண்டும். நீங்கள் அறிவித்துவிட்டுப் பணம் கேட்டால், என் பங்கை முதல் நாளே அனுப்புகிறேன்.